நான் கோடு போட்டுக் கொடுத்த வரி

அந்தப் புத்தகத்தை வாங்கச் சொல்லி யாரும் என்னைக் கேட்கவில்லை. அந்த நடிகை தன் வாழ்க்கையைத் தானே எழுதியிருக்கிறார் என்று செய்தி வந்த அன்றே போனில் ஆர்டர் போட்டுவிட்டேன். எங்கள் குடியிருப்பின் வாட்ஸ்அப் குழுவில் அன்று முழுக்க அதே பேச்சு. இரண்டு நாளாகத் தண்ணீர் லாரி வராததைக்கூட யாரும் கேட்கவில்லை. முதல் கல்யாணம் ஏன் முறிந்தது, எந்த நடிகருடன் பேச்சுவார்த்தை இல்லாமல் போனது, எல்லாம் அதில் இருக்கிறதாம் என்று ஒருவர் எழுத, இன்னொருவர் கண்ணை விரிக்கும் பொம்மையைப் போட்டார். நான் எதுவும் போடவில்லை. ஆனால் இந்த வளாகத்திலேயே முதல் பிரதி என் கைக்குத்தான் வரவேண்டும் என்று மனதுக்குள் ஒரு பரபரப்பு இருந்தது. அதற்குக் காரணம் எதிர் வீட்டு ஆன்ட்டி.

நான் திண்டுக்கல் பக்கத்திலிருந்து சாஃப்ட்வேர் வேலைக்காக வந்து அம்பத்தூரில் குடியேறியவள். வாரத்தில் மூன்று நாள் வீட்டிலிருந்தே வேலை. எதிர் வீட்டு அங்கிள் ஆவடியில் ராணுவத் தளவாட ஃபேக்டரியில் இருந்து ஓய்வு பெற்றவர். ஆன்ட்டி அந்த ஃபேக்டரி குவார்ட்டர்ஸிலேயே பிறந்து, அங்கேயே வேலை பார்த்த ஒருவருக்கு வாழ்க்கைப்பட்டு, ஐம்பது வயதுக்கு மேல்தான் முதன்முதலாக வெளியே குடிவந்தவர். ஒரே மகன் புனேயில் இருந்தான்.

ஒரு நாள் அவர் வீட்டில் டிவி ஓடிக்கொண்டிருந்தது. நடனப் போட்டி ஒன்றில் நடுவராக அந்த நடிகை உட்கார்ந்திருந்தார். அவரைக்காய் நறுக்கிக்கொண்டிருந்த ஆன்ட்டி நிமிராமலேயே சொன்னார்:

"இவ எங்க லைன்ல தான் இருந்தா. எங்க ஊட்லேர்ந்து நாலாவது ஊடு."

நான் சிரித்து வைத்தேன். சென்னையில் யாரைக் கேட்டாலும் இப்படி ஒரு நட்சத்திரம் பக்கத்துத் தெருவில் இருந்திருப்பார். ஆன்ட்டி கையைத் துடைத்துக்கொண்டு உள்ளே போய் ஒரு பள்ளிக்கூடக் குரூப் போட்டோவைக் கொண்டுவந்தார். இரண்டாவது வரிசையில் ரெட்டைப் பின்னலோடு இரண்டு பெண்கள் தோளோடு தோள் ஒட்டி நின்றார்கள். ஒருத்தி நடிகை என்பதில் சந்தேகமே இல்லை. அந்த மூக்கை எங்கே பார்த்தாலும் தெரியும். இன்னொருத்தி ஆன்ட்டி.

அன்றிலிருந்து அவர் வீட்டுக்கு அடிக்கடி போக ஆரம்பித்தேன். இதை இப்போது எழுதும்போது கூசுகிறது. நான்கு வருடம் எதிரெதிரே இருந்தும் கதவருகே நின்று இரண்டு வார்த்தை பேசியதோடு சரி. அந்த போட்டோவைப் பார்த்த பிறகுதான் அவர் சமையலறை வரைக்கும் போனேன். ஆபீஸில் மதியச் சாப்பாட்டின்போது, "அவங்களோட க்ளாஸ்மேட் என் எதிர் வீடு" என்று சொல்வேன். நான்கு பேர் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு கேட்பார்கள். எனக்கும் கொஞ்சம் வெளிச்சம் பட்ட மாதிரி இருக்கும்.

ஆன்ட்டி சொன்னதெல்லாம் ஒரே ஒரு நாளைப் பற்றித்தான். பத்தாவது படிக்கும்போது, புதுமுகம் தேவை என்று விளம்பரம் பார்த்துவிட்டு அந்தப் பெண் கோடம்பாக்கத்துக்குப் போக வேண்டும் என்றாள். தனியாகப் போகப் பயம். மாங்காட்டு அம்மன் கோயிலுக்கு விளக்குப் போடப் போகிறோம் என்று இரண்டு வீட்டிலும் சொல்லிவிட்டு இருவரும் ஆவடியில் ரயிலேறினார்கள். ஸ்டுடியோ உள்ளே ஒருத்தியைத்தான் விட்டார்கள். ஆன்ட்டி வெளியே வேப்பமரத்தடியில் காலையிலிருந்து சாயங்காலம் வரை நின்றார். திரும்பும்போது சென்ட்ரலில் குவார்ட்டர்ஸ்காரர் ஒருவர் பார்த்துவிட்டார்.

"அவள யாரும் அடிக்கல கண்ணு. அவதான் செலக்ட் ஆயிட்டாளே. அவங்கப்பா மறுநாளே ஸ்வீட் குடுத்துகினு சுத்தினாரு. எங்கப்பா தான் பெல்ட்ட எடுத்தாரு. அதோட எனக்கு ஸ்கூல் நின்னுச்சு."

"அவங்க உங்களப் பார்க்க வரலையா?"

"ஒரு வாட்டி வந்தா. எங்கப்பா உள்ள உடல. அதுக்கப்புறம் அவங்க குவார்ட்டர்ஸையே காலி பண்ணிகினு போய்ட்டாங்க."

இதை அவர் வருத்தமாகச் சொன்னதே இல்லை. ஒரு பெரிய வேலையில் தனக்கும் பங்கு இருந்தது என்பது போலத்தான் சொல்வார். அங்கிள் பால்கனியில் இருந்தபடி, "ஆரம்பிச்சிட்டியா?" என்பார். ஆன்ட்டி கூடப் போன கதையை அவர் நம்பவில்லை. மகனும் நம்பவில்லை. வேப்பம்பட்டில் இருந்த ஆன்ட்டியின் அக்காகூட, ஊர் சுற்றப் போனதற்கு இவள் நடிகையைச் சாக்குச் சொல்கிறாள் என்றுதான் நாற்பது வருடமாக நினைத்துக்கொண்டிருந்தார்.

புத்தகம் வந்த அன்று ஆன்ட்டியே கதவைத் தட்டினார்.

"இன்னா கண்ணு, புக்கு வந்துட்ச்சாமே?"

அது ஆங்கிலத்தில் இருந்தது. ஆன்ட்டிக்குத் தமிழ் நன்றாகப் படிக்க வரும், ஆங்கிலம் எழுத்துக் கூட்டத்தான் வரும். அங்கிளுக்கு மெஷின் வரைபடத்தில் இருக்கும் ஆங்கிலம் தெரியும், கதை ஆங்கிலம் தெரியாது. நானே படித்துச் சொல்வதாக ஏற்றுக்கொண்டேன்.

தினமும் ஆறு மணிக்கு லேப்டாப்பை மூடிவிட்டுப் போவேன். ஒரு பத்தியை மனதுக்குள் படித்து, தமிழில் சொல்வேன். குவார்ட்டர்ஸ், ஃபேக்டரி சங்கு, ரேஷன் கடை வரிசை எல்லாம் வந்தது. ஆன்ட்டி நடுநடுவே திருத்துவார். "ஃபேனா? அவங்க ஊட்ல ஃபேனே கெடையாது. எங்க ஊட்டு வாசல்ல வந்து தான் படுத்துகினு கெடப்பா." சிரிப்பார். மூன்றாவது நாள், விருந்தாளி எத்தனை மணி ரயிலுக்கு வருகிறார் என்று விசாரிப்பதைப் போலக் கேட்டார்:

"நான் எப்போ வரேன்?"

"இன்னும் அந்த இடம் வரல ஆன்ட்டி."

மறுநாள் மதியம் சாப்பிட்டுக்கொண்டே பக்கங்களைப் புரட்டி அந்த இடத்துக்குப் போனேன். கோடம்பாக்கம் போன நாளுக்கு ஒன்றரைப் பக்கம் ஒதுக்கியிருந்தார். ரயில் இருந்தது, வெயில் இருந்தது, மேக்கப் போட்டவரின் அன்பான பேச்சு இருந்தது. ஆன்ட்டி இல்லை. மறந்து விட்டுப்போனதாகவும் சொல்ல முடியாது. ஏனென்றால் அங்கே ஒரு வரி இப்படி இருந்தது: அன்று என்னுடன் யாரும் வரவில்லை, பதினைந்து வயதில் தன்னந்தனியாக ரயிலேறினேன்.

நான் செய்தது வாய் தவறி வந்த பொய் இல்லை. ஆறு மணிக்கு இன்னும் நான்கு மணி நேரம் இருந்தது. ஒரு காகிதத்தை எடுத்து எழுதினேன், அடித்தேன், மறுபடி எழுதினேன். மொழிபெயர்ப்பு போலத் தெரிய வேண்டும் என்று ஒன்றிரண்டு இடத்தில் வேண்டுமென்றே தடுமாற்றம் வைத்தேன். ஆன்ட்டி என்னிடம் சொன்ன வேப்பமரத்தையே எடுத்து அதில் நட்டேன். எழுதி முடித்ததும் எனக்குச் சந்தோஷமாகக்கூட இருந்தது. பள்ளிக்கூட நாளிலிருந்தே எழுத வேண்டும் என்று ஆசைப்பட்டவள் நான். நன்றாக வந்திருக்கிறது என்று தோன்றியது.

அன்று சாயங்காலம் புத்தகத்தைப் பார்த்தபடி சொன்னேன்: "'அன்று என் சிநேகிதி ஒருத்தி என்னுடன் வந்தாள். அவளை உள்ளே விடவில்லை. வாசலில் வேப்பமரத்தடியில் பொழுது சாயும்வரை நின்றாள். அவள் வெளியே நிற்கிறாள் என்ற தைரியத்தில்தான் கேமரா முன்னால் நின்றேன்.'"

ஆன்ட்டி காய் நறுக்குவதை நிறுத்தினார். கத்தியைத் தட்டில் வைத்தார். முந்தானையில் கையைத் துடைத்தார்.

"மறுபடியும் படி."

படித்தேன்.

"பேரு போட்ருக்காளா?"

"பேரு இல்ல ஆன்ட்டி. சிநேகிதின்னு மட்டும் தான்."

"பரவால்ல. நம்ம பேரு எதுக்கு, யாருக்குத் தெரியப் போவுது." பிறகு பால்கனிப் பக்கம் திரும்பி, "கேட்டுகினியா?" என்றார். அங்கிள் செய்தித்தாளை மடித்து வைத்துவிட்டு உள்ளே வந்தார். ஆன்ட்டிக்குப் பக்கத்தில் உட்கார்ந்தார். "இத்தினி வருஷமா நான் தான் கிண்டல் பண்ணிகினு இருந்தேன்" என்று என்னைப் பார்த்துச் சொன்னார். அவர் கண் கலங்கியிருந்தது. அந்த நிமிடத்தில் சொல்லியிருக்கலாம். அங்கிளின் கண்ணைப் பார்த்த பிறகு வாய் வரவில்லை.

மறுநாள் ஆன்ட்டி ஒரு பென்சிலைக் கொண்டுவந்தார். "எந்த வரின்னு கோடு போட்டுக் குடு கண்ணு. எங்க அக்கா கேப்பா, காட்டணும்."

எந்த வரிக்குப் போடுவது? சிநேகிதி என்ற சொல்லே அந்தப் பக்கத்தில் இல்லை. அவர் கண்ணெதிரே, யாரும் என்னுடன் வரவில்லை என்ற வரிக்குக் கீழே கோடு போட்டேன். ஏன் அதற்குப் போட்டேன் என்று பல தடவை யோசித்திருக்கிறேன். அந்தப் பக்கத்தில் அவரைப் பற்றியது என்று சொல்லக்கூடிய வரி அது ஒன்றுதான். ஆன்ட்டி அதன் மேல் விரலை வைத்து, இடமிருந்து வலமாக ஒரு தடவை நகர்த்திப் பார்த்தார். நாள்காட்டித் தாள் ஒன்றைக் கிழித்து அந்தப் பக்கத்தில் வைத்தார். புத்தகத்தை அவருக்கே கொடுத்துவிட்டேன்.

அடுத்த ஒரு மாதம் ஆன்ட்டி நடந்த நடையே வேறு. குவார்ட்டர்ஸ் பழைய சிநேகிதிகளுக்கெல்லாம் போன் போட்டார். வேப்பம்பட்டிலிருந்து அக்கா வந்து புத்தகத்தைக் கையில் வாங்கிப் பார்த்துவிட்டு, "அப்பா இருந்தா காட்டியிருக்கலாம்டி" என்று அழுதாராம். எங்கள் வளாகத்தில் யாராவது ஆங்கிலம் தெரிந்தவர்கள் புத்தகத்தைத் திறந்து படித்துவிடுவார்களோ என்று நான் பயந்துகொண்டே இருந்தேன். யாரும் படிக்கவில்லை. கோடு போட்ட பக்கத்தைக் காட்டினால் எல்லோரும் தலையாட்டினார்கள், ஆன்ட்டியோடு நின்று ஒரு போட்டோ எடுத்துக்கொண்டார்கள்.

பிறகு அந்த அறிவிப்பு வந்தது. அடுத்த ஞாயிற்றுக்கிழமை, எங்களுக்குப் பக்கத்திலேயே ஒரு மாலில், புத்தகக் கடை ஒன்றில் நடிகை வாசகர்களுக்குக் கையெழுத்துப் போடுகிறார்.

"நாம போறோம்" என்றார் ஆன்ட்டி.

கூட்டம் தாங்காது என்றேன். உங்கள் முழங்கால் வலிக்கு வரிசையில் நிற்க முடியாது என்றேன். "அன்னிக்கு காலைலேர்ந்து சாயங்காலம் வரிக்கும் நின்னவ கண்ணு நானு" என்றார். உண்மையைச் சொல்ல எனக்கு எட்டு நாள் இருந்தது. சொல்லவில்லை. அவர் மனம் உடையுமே என்று பயந்தது ஒரு பாதி. நடிகையை நேரில் பார்க்க எனக்கும் ஆசை என்பது மறுபாதி. கையெழுத்துக்கு எல்லோரும் முதல் பக்கத்தைத்தான் நீட்டுவார்கள், இரண்டு நொடியில் முடிந்துவிடும் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன்.

ஆன்ட்டி அரக்குப் பட்டுப்புடவை கட்டியிருந்தார். ஆட்டோக்காரர் கண்ணாடியில் பார்த்து, "இன்னாம்மா, மாலுக்கா கல்யாணத்துக்கா?" என்று கேட்டார். ஆன்ட்டி விஷயத்தைச் சொன்னதும் வண்டியை ஓட்டிக்கொண்டே திரும்பினார். "அந்தம்மா உங்க ஃப்ரெண்டா? அட இன்னாம்மா நீ, மொதல்லயே சொல்லக் கூடாதா! நான் கேட்டேன்னு சொல்லும்மா."

வரிசை எஸ்கலேட்டர் வரை நீண்டிருந்தது. ஒன்றரை மணி நேரம் நின்றோம். ஆன்ட்டி உட்காரவே இல்லை. வரிசையை ஒழுங்கு செய்த பெண் புத்தகத்தை வாங்கி முதல் பக்கத்தைத் திருப்பப் போனாள். "இல்லம்மா, அது வாணாம். இந்தப் பக்கத்துல தான் போடணும்" என்று ஆன்ட்டி நாள்காட்டித் தாள் இருந்த இடத்தை விரித்து, தானே மேஜையில் வைத்தார்.

நடிகை தலை நிமிர்ந்து சிரித்தார். டிவியில் பார்த்ததைவிட மெலிந்து, களைத்திருந்தார்.

"நான்தான்டி" என்றார் ஆன்ட்டி.

சுற்றி நின்றவர்கள் திரும்பினார்கள். நடிகையின் சிரிப்பு அப்படியே இருந்தது, கண் மட்டும் தேடியது. பிறகு கீழே பக்கத்தைப் பார்த்தார். பென்சில் கோட்டைப் பார்த்தார்.

"இந்த வரிக்கு ஏன்மா கோடு போட்டிருக்கீங்க?"

"என்னப் பத்தி எழுதின வரியாச்சே. வேப்பமரம் மொதக்கொண்டு ஞாபகம் வெச்சிகினு எழுதியிருக்கியே."

நடிகை குனிந்து அந்த வரியை ஒரு தடவை படித்தார். கோபமில்லாமல், குழந்தைக்குச் சொல்வதைப் போலத்தான் சொன்னார்: "இதுல, என்கூட யாரும் வரல, நான் தனியாத்தான் போனேன்னு எழுதியிருக்கேன். இதுல நீங்க எங்கம்மா இருக்கீங்க?"

பின்னால் யாரோ சிரித்தார்கள். அது பரவியது. யாரோ போனைத் தூக்கிப் பிடித்தார்கள்.

ஆன்ட்டி திரும்பி என்னைப் பார்ப்பார் என்று நினைத்தேன். பார்க்கவில்லை. பக்கத்தையும் நடிகையின் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு, "இல்ல மேடம். வேற யாரையோ நெனச்சிகினு வந்துட்டேன். வயசாயிட்ச்சில்ல" என்றார்.

நடிகை அந்தப் பக்கத்திலேயே கையெழுத்துப் போட்டு, புத்தகத்தை மூடிக் கொடுத்தார். அவருக்கு உண்மையிலேயே நினைவில்லையா, நினைவிருந்தும் அத்தனை பேர் முன்னால் சொல்ல முடியவில்லையா என்று எனக்குத் தெரியாது. ஆன்ட்டியின் முகத்தை அவர் ஒரு நொடி கூடுதலாகப் பார்த்த மாதிரி இருந்தது. அது என் கற்பனையாகவும் இருக்கலாம்.

அடுத்தது என் முறை. என் போன் ஏற்கெனவே அந்த வரிசைப் பெண்ணின் கையில் இருந்தது. "மேடம், இங்க பாருங்க" என்றாள். நடிகை என் பக்கம் சாய்ந்தார். நான் சிரித்தேன். ஆன்ட்டி அரக்குப் புடவையோடு பத்தடி தள்ளித் தனியாக நடந்துபோய்க்கொண்டிருந்தபோது, நான் பல் தெரியச் சிரித்து போட்டோ எடுத்துக்கொண்டேன். அந்தப் படம் இன்னும் என் போனில் இருக்கிறது. அழிக்கவும் முடியவில்லை, யாருக்கும் காட்டவும் இல்லை.

ஆட்டோவில் வீடு திரும்பினோம். வீட்டு வாசலிலேயே அங்கிள் நின்றிருந்தார்.

"இன்னா சொன்னா உன் ஃப்ரெண்டு?"

"சரியான கூட்டம்யா. நின்னு பேச முடியல. கையெழுத்து மட்டும் போட்டா" என்று சொல்லிவிட்டு ஆன்ட்டி உள்ளே போனார்.

மறுநாள் அங்கிள் கடைக்குப் போன நேரம் பார்த்துப் போனேன். எல்லாவற்றையும் சொன்னேன். காகிதத்தில் எழுதிப் பார்த்தது வரை சொன்னேன். ஆன்ட்டி புத்தகத்தை எடுத்து வந்து என் மடியில் வைத்தார்.

"இப்போ இருக்கறத படி. அப்படியே."

ஒன்றரைப் பக்கத்தையும் ஒரு சொல் விடாமல் சொன்னேன்.

"தனியாவா போனாளாம்?"

"அப்படித்தான் எழுதியிருக்காங்க ஆன்ட்டி."

"சரி. மறந்திருப்பா. நாப்பது வருஷம் ஆவுதில்ல." குரலில் கோபமில்லை. "நீ எனக்கோசரம் தான் சொன்னே. அதுவும் புரியுது. ஆனா கண்ணு, நேத்து நீ என் பின்னாடி தானே நின்னுகினு இருந்தே? அத்தினி பேர் சிரிச்சாங்க. 'நான் தான் தப்பா படிச்சு சொன்னேன்'னு ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமில்ல?"

நான் எழுதியதைவிடப் பேசாமல் நின்றதுதான் அவருக்குப் பெரிதாக இருந்தது. பொய்யைப் பற்றி மட்டும் மன்னிப்புக் கேட்க நான் தயாராகிப் போயிருந்தேன்.

அங்கிளிடம் நானே சொல்கிறேன் என்றேன். வேப்பம்பட்டு அக்காவிடமும் பேசுகிறேன் என்றேன். "வாணாம். அவரு இப்போ தான் நம்பிகினு கீறாரு" என்றார். அக்காவுக்கு அவரே போன் செய்ததைச் சில நாள் கழித்துத் திறந்திருந்த கதவு வழியாகக் கேட்டேன். தனக்குத்தான் ஆங்கிலம் சரியாகப் புரியவில்லை என்றும், அதில் தன்னைப் பற்றி ஒன்றும் இல்லை என்றும் சொல்லிக்கொண்டிருந்தார். என் பேச்சையே எடுக்கவில்லை. இரண்டாவது தடவையும் என் தவறைத் தன் மேல் போட்டுக்கொண்டார், நானும் இரண்டாவது தடவை கதவுக்கு இந்தப் பக்கம் பேசாமல் நின்றேன்.

எங்களுக்குள் சண்டை இல்லை. பார்த்தால் சிரிப்பார். பொங்கலுக்குச் சர்க்கரைப் பொங்கல் வந்தது. சாயங்காலம் ஆறு மணிக்கு மட்டும் அவர் கதவு சாத்தியிருந்தது.

போன மாதம் அங்கிளுக்கு நெஞ்சுவலி வந்து ஐந்து நாள் ஆஸ்பத்திரியில் இருந்துவிட்டு வந்தார். வந்த மறுநாள், ஆன்ட்டி ஆஸ்பத்திரி ஃபைலை மார்போடு அணைத்துக்கொண்டு படியேறிப் போவதைக் கதவு இடுக்கில் பார்த்தேன். லிஃப்ட் அன்று ஓடவில்லை. மூன்றாவது மாடியில் பாங்கில் வேலை பார்க்கும் ஒரு பெண்மணி இருக்கிறார். ஆங்கிலத்தில் இருந்த அந்த ஃபைலை அவரிடம் படிக்கச் சொல்லிக் கேட்கத்தான் போகிறார். ஒவ்வொரு படியிலும் நின்று, கைப்பிடியைப் பிடித்து, அந்த முழங்காலோடு ஏறினார். கூப்பிடலாமா என்று நினைத்தேன். எந்த முகத்தோடு கூப்பிடுவது என்று நின்றுவிட்டேன்.

அவர் இறங்கி வரும்போது கதவைத் திறந்தேன்.

"என்ன சொல்லியிருக்காங்க ஆன்ட்டி? அங்கிளுக்கு எப்படி இருக்காம்?"

"ஒண்ணும் பயம் இல்லியாம்மா. மாத்திரை மட்டும் உடாம சாப்பிடணுமாம்" என்றார். என்னைப் பார்த்துச் சிரித்தார். பிறகு உள்ளே போய்க் கதவை மெதுவாகச் சாத்திக்கொண்டார்.